தோற்றுப்போன திருத்தம்: தீரேந்திரநாத் தத்தாவின் சட்டமன்ற வாழ்வு



பாகிஸ்தான் நாடாளுமன்றவாதி ஒருவரைப் பற்றிப் பேசப்போகிறேன் என்றதும் ஜின்னாவைப் பற்றியா, பூட்டோவைப் பற்றியா என்று நண்பர்கள் கேட்டார்கள். இருவரைப் பற்றியும் இல்லை. நான் பேச வந்திருப்பது கராச்சி அவையில் எதிர்க்கட்சி வரிசையில் உட்கார்ந்திருந்த, மத்திய அமைச்சராகவே ஆகாத ஒரு கொமில்லா வக்கீலைப் பற்றி. அவர் கொண்டுவந்த திருத்தங்களில் மிக முக்கியமானது தோற்றுப்போனது. ஆனால் பாகிஸ்தான் என்ற நாட்டின் முதல் கால் நூற்றாண்டை அந்த ஒரு திருத்தத்தை விட்டுவிட்டு யாரும் எழுத முடியாது. அவர் பெயர் தீரேந்திரநாத் தத்தா.

ஒரு சட்டமன்ற உறுப்பினரின் வேலை என்ன என்பதை நாம் பெரும்பாலும் வென்றவர்களை வைத்தே அளக்கிறோம். எத்தனை சட்டம் கொண்டுவந்தார், எந்தத் துறைக்கு அமைச்சர் ஆனார் என்று கணக்குப் பார்க்கிறோம். தோற்பது உறுதி என்று தெரிந்தும் எழுந்து நின்று, பதிவேட்டில் ஏறும்படி ஒரு உண்மையைச் சொல்லிவிட்டு உட்காருவதும் அதே அளவுக்குப் பெரிய வேலை என்பது என் கட்சி. தத்தாவின் வாழ்க்கை அதற்குச் சாட்சி.

1886 நவம்பர் 2-ஆம் தேதி பிராமணபாரியாவை அடுத்த ராம்ரெயில் என்ற கிராமத்தில் பிறந்தார். அன்று அது திப்பெரா மாவட்டம். மாவட்டத் தலைநகர் கொமில்லா. தந்தை நீதிமன்றத்தில் எழுத்து வேலை பார்த்தவர். மகன் கல்கத்தா ரிப்பன் கல்லூரியில் பி.ஏ.வும் சட்டமும் படித்துவிட்டு, கொஞ்ச காலம் பள்ளி ஆசிரியராக இருந்து, 1911-இல் கொமில்லா நீதிமன்றத்தில் வக்கீலாகச் சேர்ந்தார். மாணவராக இருந்தபோதே 1905 வங்கப் பிரிவினை எதிர்ப்பில் இறங்கியவர். சித்தரஞ்சன் தாஸ் அழைத்தபோது ஒத்துழையாமைக்காக வக்கீல் தொழிலை நிறுத்திவைத்தார். 1942-இல் சிறைக்குப் போனார். அந்தத் தலைமுறைக் காங்கிரஸ்காரர்கள் பலருக்கும் பொதுவான வரலாறுதான் இது. இதில் நான் அதிக நேரம் நிற்கப்போவதில்லை.

நிற்க வேண்டிய இடம் 1937. அந்த ஆண்டு வங்காளச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அங்கே அவர் உழைத்தது குடியானவர்களைப் பற்றிய சட்டங்களில். குத்தகைச் சட்டத் திருத்தம், வட்டிக்கடைக்காரர்களைக் கட்டுப்படுத்தும் சட்டம் ஆகியவற்றை நிறைவேற்றியதில் அவருக்குப் பங்கு உண்டு. கிழக்கு வங்காளத்தில் குடியானவர் என்றால் பெரும்பாலும் முஸ்லிம். ஜமீன்தாரும் வட்டிக்கு விடுபவரும் பெரும்பாலும் இந்து. இந்து வக்கீல் ஒருவர் அந்தச் சட்டங்களுக்காக வாதாடினார் என்றால் தன் வகுப்பைச் சேர்ந்த பணக்காரர்களைப் பகைத்துக்கொண்டார் என்று பொருள். பின்னால் கராச்சியில் அவர் பேசிய பேச்சை, ஒரு இந்து உறுப்பினர் இந்துக்களுக்காகப் பேசியது என்று திரித்தார்கள். பத்தாண்டுக்கு முன்னால் அவர் யாருக்காகச் சட்டமன்றத்தில் வேலை செய்தார் என்று பார்த்திருந்தால் அந்தப் பேச்சே எழுந்திருக்காது.

பிரிவினை வந்தது. தத்தாவுக்கு அப்போது வயது 60. கிழக்கு வங்காளத்தில் வசதி படைத்த, படித்த இந்துக் குடும்பங்களில் ஏராளமானவை கல்கத்தாவுக்குக் கிளம்பிப் போயின. அவரும் போயிருக்கலாம், கல்கத்தாவில் படித்தவர், காங்கிரஸில் செல்வாக்கு உள்ளவர். போகவில்லை. இது என் ஊர், இனி இதுதான் என் நாடு என்று கொமில்லாவிலேயே இருந்துவிட்டார். பாகிஸ்தான் அரசியல் நிர்ணய சபையில் அவருக்கு இடம் இருந்தது. அந்த நாட்டின் குடிமகனாக, அந்த நாட்டின் சட்டத்தை எழுதும் அவையில் உட்காரக் கராச்சிக்குப் போனார்.

அந்த அவை எப்படிப்பட்டது என்று கொஞ்சம் சொல்ல வேண்டும். 1947 ஆகஸ்ட் 10-ஆம் தேதி முதன்முதலாகக் கூடியபோது அதற்கு ஒதுக்கப்பட்டிருந்த இடங்கள் 69. அவற்றில் 44 கிழக்கு வங்காளத்துக்கு. அதாவது தலையை எண்ணினால் அவை கிழக்கு வங்காளத்தின் கையில். ஆனால் தலைநகரம், ராணுவம், அதிகாரிகள் எல்லாம் மேற்கே. நடுவில் சுமார் 1,600 கிலோமீட்டர் இந்திய நிலம். அந்த 44 பேரில் பெரும்பான்மையோர் முஸ்லிம் லீகின் கட்டுப்பாட்டில் இருந்தார்கள். கட்சி சொன்னால் கை தூக்குவார்கள்.

1948 பிப்ரவரி 23-ஆம் தேதி கூட்டத்தொடர் தொடங்கியது. அவையின் நடைமுறை விதிகள் விவாதத்துக்கு வந்தன. இரண்டு திருத்தங்கள் எதிர்க்கட்சித் தரப்பிலிருந்து வந்தன. ஆண்டுக்கு ஒரு முறையாவது அவை டாக்காவில் கூட வேண்டும் என்பது ஒன்று. அதுவும் நிராகரிக்கப்பட்டது. அந்த விவாதத்தில் லீகைச் சேர்ந்த பேகம் ஷாயிஸ்தா இக்ரமுல்லாவே எழுந்து, கிழக்குப் பாகிஸ்தான் மக்கள் தங்களை மேற்கின் காலனி போல நடத்துவதாக நினைக்கத் தொடங்கியிருக்கிறார்கள் என்று எச்சரித்தார். நாடு பிறந்து ஆறு மாதம் முடிந்திருந்தது, அவ்வளவுதான்.

இரண்டாவது திருத்தம் தத்தாவுடையது. 29-ஆவது விதி, உறுப்பினர்கள் உருதுவிலோ ஆங்கிலத்திலோ பேச வேண்டும் என்றது. ஆங்கிலம் என்ற சொல்லுக்குப் பின்னால் ‘அல்லது வங்காளி’ என்று சேர்க்க வேண்டும் என்று அவர் கேட்டார். அவ்வளவுதான் திருத்தம். உருதுவை எடுங்கள் என்று அவர் சொல்லவில்லை. ஆங்கிலத்தையும் எடுக்கச் சொல்லவில்லை. பிப்ரவரி 25-ஆம் தேதி விவாதம் நடந்தது.

அவருடைய பேச்சு நீளமானது இல்லை. குறுகிய மாகாண வெறியால் இதைக் கொண்டுவரவில்லை என்று முதலிலேயே சொல்லிவிட்டார். பிறகு கணக்கை வைத்தார்: நாட்டின் மக்கள்தொகை 6 கோடியே 90 லட்சம், அதில் 4 கோடியே 40 லட்சம் பேர் வங்காளி பேசுகிறவர்கள். பெரும்பான்மையோர் பேசும் மொழிதானே அரசின் மொழியாக இருக்க வேண்டும் என்று கேட்டார்.

எண்ணிக்கையோடு நிறுத்தியிருந்தால் அது நல்ல வக்கீலின் வாதமாக மட்டும் இருந்திருக்கும். அடுத்து அவர் தபாலாபீசுக்குப் போனார். டாக்கா பல்கலைக்கழகத்தில் படிக்கும் மகனுக்குப் பணம் அனுப்ப ஒரு ஏழை விவசாயி கிராமத்துத் தபாலாபீசுக்கு வருகிறார். மணியார்டர் பாரத்தைக் கேட்டு வாங்கிப் பார்த்தால் அது உருதுவில் அச்சாகியிருக்கிறது. ஒரு எழுத்தும் புரியவில்லை. அதைப் படித்துச் சொல்ல ஆள் தேடித் தொலைவில் இருக்கும் டவுனுக்கு ஓட வேண்டும். அதற்குப் பிறகுதான் மகனுக்குப் பணம் போகும். இன்னொரு விவசாயி நிலம் வாங்குகிறார், அல்லது விற்கிறார். ஸ்டாம்பு வெண்டரிடம் பணத்தைக் கொடுத்து முத்திரைத்தாள் வாங்குகிறார். கொடுத்த பணத்துக்குச் சரியான மதிப்புள்ள தாள்தான் கைக்கு வந்ததா என்று அவரால் பார்த்துச் சொல்ல முடியாது. மதிப்பு உருதுவிலும் ஆங்கிலத்திலும்தான் போட்டிருக்கிறது.

இந்த இரண்டு காட்சிகளையும் நான் பல முறை படித்திருக்கிறேன். மொழியின் பெருமை, இலக்கியம், தாகூர், பண்பாடு என்று அவர் பேசியிருக்கலாம். பேசுவதற்கு வங்காளத்தில் எவ்வளவோ இருக்கிறது. அவர் எடுத்துக்காட்டியது ஒரு பாரத்தையும் ஒரு முத்திரைத்தாளையும். முப்பது ஆண்டுக்கு மேல் மாவட்ட நீதிமன்றத்தில் பத்திரங்களோடு வாழ்ந்த வக்கீலுக்கு, ஏமாந்துபோன விவசாயியின் முகம் தெரியும். தனக்குப் படிக்கத் தெரியாத மொழியில் அரசு பேசினால் மனிதனுக்குப் போவது முதலில் காசு, பிறகுதான் கௌரவம். அந்த விவசாயி பெரும்பாலும் முஸ்லிம் என்பதையும் இங்கே சேர்த்துக்கொள்ளுங்கள். பாகிஸ்தானை வேண்டி வாக்களித்தவர் அவர். அவருக்காகப் பேச அந்த அவையில் எழுந்தது, பாகிஸ்தானை வேண்டாம் என்ற கட்சியைச் சேர்ந்த ஒரு இந்து.

முடிவாக ஒன்று கேட்டார். இந்த மண்ணில் யாருக்கும் தாய்மொழி ஆகாத ஆங்கிலத்துக்கு 29-ஆவது விதியில் மரியாதையான இடம் இருக்கும்போது, 4 கோடியே 40 லட்சம் பேரின் மொழிக்கு ஏன் இருக்கக்கூடாது? இதற்கு அன்று யாரும் நேராகப் பதில் சொல்லவில்லை.

பிரேம் ஹரி வர்மா, பூபேந்திர குமார் தத்தா, ஸ்ரீஸ் சந்திர சட்டோபாத்யாய ஆகிய மூவரும் அவர் பக்கம் நின்றார்கள். பிறகு பிரதமர் லியாகத் அலி கான் எழுந்தார். இந்தத் திருத்தம் முதலில் தனக்குக் கள்ளமில்லாததாகத் தோன்றியது, இப்போது அப்படித் தோன்றவில்லை என்றார். மக்களிடையே பிளவு உண்டாக்குவதே இதன் நோக்கம் என்றார். பாகிஸ்தான் முஸ்லிம் நாடு, முஸ்லிம்களின் மொழியே அதன் பொதுமொழியாக இருக்க முடியும் என்றார். கிழக்கு வங்காள முதலமைச்சர் காஜா நஜிமுதீன் தன் பங்குக்கு, தன் மாகாணத்தின் பெரும்பான்மை மக்கள் உருதுவையே பொதுமொழியாக விரும்புகிறார்கள் என்றார். அவர் டாக்கா நவாப் குடும்பம். வீட்டில் உருது பேசி வளர்ந்தவர். தன் மாகாணத்துத் தெருவில் என்ன மொழி ஒலிக்கிறது என்பதை அவர் கேட்டதில்லை என்றுதான் நான் நினைக்கிறேன்.

லியாகத்தை நான் இங்கே வில்லனாக நிறுத்த விரும்பவில்லை. காஷ்மீரில் சண்டை நடந்துகொண்டிருந்தது. லட்சக்கணக்கான அகதிகள் முகாம்களில் கிடந்தார்கள். வட இந்திய முஸ்லிம்களுக்கு உருது பல பத்தாண்டுகளாக ஒரு அடையாளம். அதைக் காப்பாற்றத்தான் அரசியலுக்கே வந்தவர்கள் லீகில் உண்டு. புதிய நாடு சிதறிவிடக்கூடாது என்ற பயம் உண்மையான பயம். ஆனால் அந்தப் பயத்தில் எடுத்த முடிவே நாட்டைச் சிதறடித்தது. பதிவேட்டைப் படிக்கிறவருக்கு அந்த இடத்தில் மனம் வலிக்கும். மூன்றாவது மொழியாக ஒன்றைச் சேர்த்திருந்தால் செலவு ஒரு வரி மை.

திருத்தம் தோற்றது. கிழக்கு வங்காளத்திலிருந்து வந்திருந்த லீக் உறுப்பினர் ஒருவர்கூட அதை ஆதரிக்கவில்லை. அவர்களில் பெரும்பாலோர் தங்கள் வீட்டில் பேசும் மொழிக்கு எதிராகவே நின்றார்கள்.

அவைக்கு வெளியே கதை வேறு. மொழிக்கான முயற்சியைத் தத்தா ஒருவரே தொடங்கினார் என்று சொன்னால் அது சரியாகாது. 1947 செப்டம்பரிலேயே தமத்துன் மஜ்லிஸ் என்ற அமைப்பு டாக்காவில் இதற்காகச் சிறுநூல் வெளியிட்டிருந்தது. மாணவர்கள் கூட்டம் போட்டுக்கொண்டிருந்தார்கள். ஆனால் கராச்சியில் நடந்த விவாதம் செய்தித்தாளில் வந்ததும் முனகலாக இருந்தது முழக்கமாயிற்று. மறுநாளே டாக்கா மாணவர்கள் வகுப்பைப் புறக்கணித்தார்கள். மார்ச் 11-ஆம் தேதி பொது வேலைநிறுத்தம். அன்று கைதானவர்களில் இளைஞர் ஷேக் முஜிபுர் ரஹ்மானும் ஒருவர். மார்ச் 15-ஆம் தேதி, அதே நஜிமுதீன், போராட்டக் குழுவோடு உட்கார்ந்து எட்டு அம்ச உடன்படிக்கையில் கையெழுத்துப் போட்டார்.

தத்தா கராச்சியிலிருந்து திரும்பியது பற்றி வங்காளத்தில் ஒரு கதை சொல்வார்கள். டாக்கா விமான நிலையத்தில் இறங்கியபோது சால்வை போர்த்திய இளைஞர் கூட்டம் ஒன்று காத்திருந்ததாம். அடிக்கத்தான் வந்திருக்கிறார்கள் என்று நினைத்தாராம். கிட்டே வந்ததும் சால்வைக்குள்ளிருந்து பூவை எடுத்து அவர்மேல் கொட்டினார்களாம். பல பேர் வாய்வழி வந்த கதை. ஆனாலும் ஒரு இந்து எம்.எல்.ஏ. அந்தக் காலத்தில் எந்தப் பயத்தோடு ஊர் திரும்பினார் என்பதும், முஸ்லிம் மாணவர்கள் அவரைத் தங்களவராக எடுத்துக்கொண்டார்கள் என்பதும் அதில் இருக்கிறது.

மார்ச் 21-ஆம் தேதி ஜின்னா டாக்கா ரேஸ் கோர்ஸ் மைதானத்தில் பேசினார். உருது மட்டுமே அரசு மொழி என்றார். மூன்று நாள் கழித்துப் பல்கலைக்கழகப் பட்டமளிப்பு விழாவிலும் அதையே சொன்னார். அங்கே மாணவர்கள் எதிர்ப்புக் குரல் எழுப்பினார்கள்.

தத்தா தன் வேலையைத் தொடர்ந்தார். 1949 மார்ச்சில் குறிக்கோள் தீர்மானம் வந்தது. நாட்டின் அரசியல் சட்டம் எந்த அடித்தளத்தில் அமையும் என்பதை வரையறுத்த தீர்மானம் அது. மதத்தையும் அரசையும் அது கலந்துவிடுகிறது என்று காங்கிரஸ் உறுப்பினர்கள் அனைவரும் எதிர்த்தார்கள். ஸ்ரீஸ் சந்திர சட்டோபாத்யாயவின் பேச்சு அந்த விவாதத்தின் உச்சம். திருத்தங்களுக்கு ஆதரவு 10, எதிர்ப்பு 21. மறுபடியும் தோல்வி.

இனி 1952 பிப்ரவரி 21. நஜிமுதீன் அப்போது பிரதமர். ஜனவரியில் டாக்காவுக்கு வந்து உருதுதான் என்று மறுபடி சொல்லிவிட்டுப் போயிருந்தார். 144 தடை உத்தரவை மீறி மாணவர்கள் வெளியே வந்தார்கள். மருத்துவக் கல்லூரி அருகே போலீஸ் சுட்டது. ரஃபீக், பர்கத், ஜப்பார் என்று இளைஞர்கள் விழுந்தார்கள். அந்த நேரத்தில் கிட்டத்திலேயே மாகாணச் சட்டமன்றம் கூடியிருந்தது. தத்தா அங்கேயும் உறுப்பினர். அவரும் மனோரஞ்சன் தர், வசந்த குமார் தாஸ் முதலானோரும் எழுந்து இரண்டு கோரிக்கை வைத்தார்கள்: முதலமைச்சர் நூருல் அமீன் ஆஸ்பத்திரிக்குப் போய்க் காயம்பட்ட பிள்ளைகளைப் பார்க்க வேண்டும், இரங்கலாக அவையை ஒத்திவைக்க வேண்டும். நூருல் அமீன் மறுத்துவிட்டார். இந்த முறை ஒரு மாற்றம் இருந்தது. ஆளுங்கட்சி வரிசையிலிருந்த மௌலானா அப்துர் ரஷீத் தர்க்கபாகீஷ் எதிர்க்கட்சியோடு சேர்ந்து குரல் கொடுத்து அவையை விட்டு வெளியேறினார். 1948-இல் ஒருவர்கூட அசையாத வரிசையில் நான்கு ஆண்டில் விரிசல் விழுந்துவிட்டது.

1954 மாகாணத் தேர்தலில் முஸ்லிம் லீக் துடைத்தெறியப்பட்டது. முஸ்லிம் தொகுதிகள் 237-இல் எதிர்க்கட்சிகளின் கூட்டணியான ஐக்கிய முன்னணி 223-ஐப் பிடித்தது. அந்த ஆண்டு மே மாதம் 7-ஆம் தேதி, தத்தாவின் திருத்தத்தைத் தள்ளிய அதே அரசியல் நிர்ணய சபை, உருதுவும் வங்காளியும் பாகிஸ்தானின் அரசு மொழிகள் என்று தீர்மானித்தது. 1956 அரசியல் சட்டத்தில் அது ஏறியது. அவருடைய திருத்தம் கேட்டது விவாதிக்கும் அவையில் பேசும் உரிமையை. கடைசியில் கிடைத்தது அதைவிடப் பெரியது. இடையில் உயிர்கள் போயிருந்தன.

ஐக்கிய முன்னணி அரசைக் கலைத்து ஆளுநர் ஆட்சி கொண்டுவந்தபோது அதை எதிர்த்து ஒத்திவைப்புத் தீர்மானம் கொண்டுவந்தவரும் தத்தாதான். 1956 செப்டம்பரில் அதாவுர் ரஹ்மான் கான் மாகாண அமைச்சரவையில் சுகாதாரம், சமூக நலத் துறைகளுக்கு அமைச்சரானார். 1958 அக்டோபரில் ராணுவ ஆட்சி வந்தது. தேர்ந்தெடுக்கப்பட்டவர்களைத் தகுதி நீக்கம் செய்ய அயூப் கான் கொண்டுவந்த உத்தரவு 1960-இல் தத்தாவையும் பொது வாழ்விலிருந்து விலக்கியது. 1965 இந்தியப் போரின்போது வீட்டுக்காவல். எழுபத்தெட்டு வயதுக் கிழவரை, இந்து என்பதற்காக, சொந்த வீட்டிலேயே அடைத்து வைத்தார்கள். அதற்குப் பிறகு அவர் தேர்தல் அரசியலில் இல்லை.

1971 மார்ச் 25 இரவு டாக்காவில் பாகிஸ்தான் ராணுவம் இறங்கியது. நான்கு நாள் கழித்து, 29-ஆம் தேதி இரவு, கொமில்லாவில் தத்தாவின் வீட்டுக்கு வந்தது. அவருக்கு வயது 84. அவரையும் மகன் திலீப் குமாரையும் மைனாமதி ராணுவ முகாமுக்கு இழுத்துப் போனார்கள். இருவரும் திரும்பவில்லை, உடலும் கிடைக்கவில்லை. முகாமில் முடி திருத்தும் வேலை பார்த்த ஒருவர் பிறகு சாட்சி சொன்னார். உடலெல்லாம் கட்டுப் போட்ட நிலையில், நடக்க முடியாமல், கையையும் முழங்காலையும் ஊன்றித் தவழ்ந்து மலஜலம் கழிக்கப் போன கிழவரைப் பார்த்ததாகச் சொன்னார். இதை விரித்துச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் சொல்லாமல் விடவும் கூடாது. இருபத்து மூன்று ஆண்டுக்கு முன்னால் ஒரு விதியில் இரண்டு சொல் சேர்க்கக் கேட்டவரை ஒரு அரசு இப்படி நினைவில் வைத்திருந்தது.

கிழக்குப் பாகிஸ்தான் பிரிந்து உருவான வங்காளதேசம் அவருக்கு 1997-இல் சுதந்திர விருது வழங்கியது. கொமில்லா விளையாட்டரங்கத்துக்கு அவர் பெயர். பேத்தி அரோமா தத்தா வங்காளதேச நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தார். 1999-இல் யுனெஸ்கோ பிப்ரவரி 21-ஐ உலகத் தாய்மொழி நாளாக அறிவித்தது. இவை எல்லாம் நல்லவைதான். ஆனால் அவரை வங்காளதேசத்தின் தியாகியாக மட்டும் வைத்துக்கொண்டால் பாதி மனிதரைத்தான் வைத்திருக்கிறோம் என்பேன். அவர் பாகிஸ்தானின் சட்டமியற்றியவர். அந்த நாட்டை உடைக்கப் பேசவில்லை. அது எல்லோருக்கும் பொதுவான நாடாக நிற்க என்ன வேண்டும் என்று அந்த அவைக்கு எடுத்துச் சொன்னார். கராச்சி விவாதப் பதிவேட்டில் அவருடைய பேச்சு இன்றும் இருக்கிறது. பாகிஸ்தானின் பள்ளிப் பிள்ளைகள் அதைப் படிக்க வேண்டும்.

அந்தத் தேவை இன்னும் தீரவில்லை என்பதால்தான் இதைச் சொல்கிறேன். 2014 ஜூலையில் சிந்தி, பஞ்சாபி, பஷ்தோ, பலூச்சி முதலிய மொழிகளைத் தேசிய மொழிகளாக்கக் கோரி ஆளுங்கட்சி உறுப்பினர் மார்வி மேமன் கொண்டுவந்த அரசியல் சட்டத் திருத்தத்தைத் தேசிய சபையின் நிலைக்குழு நிராகரித்தது. அந்த அவையின் நடைமுறை விதி இன்றும் உறுப்பினர்கள் உருதுவிலோ ஆங்கிலத்திலோ பேச வேண்டும் என்றுதான் சொல்கிறது. அந்த இரண்டிலும் சரியாகப் பேச வராதவருக்கு மட்டும், சபாநாயகர் அனுமதித்தால், வேறு மொழியில் பேச வழி உண்டு. சிந்துவிலிருந்தோ பலூச்சிஸ்தானிலிருந்தோ தேர்ந்தெடுக்கப்பட்டு வருகிறவர், தன்னைத் தேர்ந்தெடுத்த மக்களின் மொழியில் அவையில் பேச, எனக்கு மற்ற மொழி வராது என்று சொல்லி அனுமதி கேட்க வேண்டியிருக்கிறது.